நாலாம் நம்பர் செல்

செய்தித்தாளில் ‘நாளை மின்தடை’ என்ற பெட்டிச் செய்தியைச் சந்தோஷமாகப் படிக்கிற ஆள் மேட்டுப்பாளையத்தில் நான் ஒருத்தன்தான் என்று என் மனைவி உறவுமுறை முழுக்கச் சொல்லி வைத்திருக்கிறாள். மறுக்க முடியாது. மாதாந்திரப் பராமரிப்பு, காலை 9 மணி முதல் மாலை வரை என்று கண்டால் மற்ற வீடுகளில் மோட்டார் போட்டுத் தொட்டியை நிரப்புகிறார்கள், மாவாட்டி வைக்கிறார்கள், போனுக்குச் சார்ஜ் போடுகிறார்கள். நான் மாடிப்படிக்கு அடியில் குனிந்து, அங்கே டிராலிக்குள் உட்கார்ந்திருக்கும் இன்வெர்ட்டர் பேட்டரியைத் தட்டிக்கொடுத்துவிட்டு வருகிறேன். பாவம், அதற்கும் ஒரு நாள் வேலை வேண்டாமா?

ஒரு காலத்தில் அதன் முன்னோர்களுக்கு வேலைக்குப் பஞ்சமே இல்லை. 2012-ஐ நம் பக்கத்துக்காரர்கள் மறந்திருக்க மாட்டார்கள். சென்னைக்கு 2 மணி நேர மின்வெட்டு. நமக்கு 12, 14, சில நாள் 16 மணி நேரம். இத்தனைக்கும் தலைக்கு மேலே நீலகிரி. பைக்காராவில் 1932-லேயே தண்ணீரை உருட்டிவிட்டுக் கரண்ட் எடுத்தார்கள். கோயமுத்தூர் மில்கள் அதை நம்பித்தான் வளர்ந்தன. அப்புறம் குந்தா வந்தது, பில்லூர் வந்தது. மலையில் பிறந்த மின்சாரம் கம்பி வழியாக எங்கள் தலைக்கு மேல் போய்க்கொண்டிருக்க, கம்பிக்குக் கீழே நாங்கள் விசிறிமட்டையோடு உட்கார்ந்திருந்தோம். அந்த வருஷம் இன்வெர்ட்டர் வாங்காத வீட்டில் பெண் கொடுக்க யோசித்தார்கள் என்றால் கொஞ்சம்தான் மிகை.

பிறகு காலம் மாறியது. 2013 டிசம்பர் 31 அன்று ராய்ச்சூர் – சோலாப்பூர் லைன் வழியாகத் தென்னக கிரிட் நாட்டின் மற்ற கிரிட்டோடு சேர்ந்தது, புதிய மின் நிலையங்களும் வந்தன, வெட்டு குறைந்தது. 2012 பேட்டரி உழைத்தே செத்தது. இப்போது எங்கள் வீட்டில் இருக்கும் அதன் பேரன் சும்மா உட்கார்ந்தே சாகப் பார்க்கிறான். உயரமான டியூபுலர் பேட்டரியில் வேலையே இல்லாவிட்டால், தண்ணீரைவிடக் கனமான ஆசிட் மெல்ல அடியில் போய்த் தங்கிவிடும். மேலே வெறும் தண்ணி, கீழே கெட்டி ஆசிட். பிளேட்டின் அடிப்பாகத்தில் லெட் சல்பேட் படிந்து, படிந்தது கரையாமல் இறுகும். பென்ஷன் வாங்கிய மாதத்திலிருந்து நானும் திண்ணையில்தான் இருக்கிறேன். டாக்டர் எனக்குச் சொன்ன காரணங்களும் ஏறக்குறைய இவையேதான்.

இந்த ஞானமெல்லாம் எனக்கு எங்கிருந்து வந்தது என்று கேட்டால், என் மனைவியின் சின்ன மாமாவைத்தான் காட்ட வேண்டும். ரயில்வேயில் டிரெயின் லைட்டிங் பிரிவில் இருந்து ஓய்வு பெற்றவர். ரயில்வேயில் அப்படி ஒரு பிரிவு இருப்பதே நமக்குத் தெரியாது. பெட்டியில் லைட் எரிகிறது, ஃபேன் சுற்றுகிறது, தூங்கிவிடுகிறோம். அந்தப் பெட்டிக்கு அடியில் வரிசை வரிசையாகப் பேட்டரி தொங்குவதும், அதற்கு ஒருத்தர் குனிந்து தண்ணி ஊற்றுவதும் யாருக்குத் தெரிகிறது? மாமா அப்படிக் குனிந்தே சர்வீஸை முடித்தவர். ஊட்டி ரயிலைப் பார்க்க ஊர் உலகமே மேட்டுப்பாளையம் ஸ்டேஷனுக்கு வந்து எஞ்சினோடு போட்டோ எடுத்துக்கொள்ளும். மாமா மட்டும் பெட்டிக்கு அடியில் என்ன இருக்கிறது என்று குனிந்து பார்ப்பார். என்னை ஒரு நாள் கூட்டிக்கொண்டு போனார். நானும் குனிந்தேன். அன்றைக்குப் பிடித்த இடுப்பு.

போன வருஷம் எங்கள் பேட்டரி அரை மணி நேரம்கூட நிற்கவில்லை. கடைக்காரர் வந்து பார்த்தார்; பார்த்தார் என்றால், தூர நின்று பார்த்தார். “பேட்டரி போச்சுங்க. எக்ஸ்சேஞ்சுல போட்ருங்க” என்றார். அந்த நேரம் பார்த்து மாமா வந்தார். “மாப்ளே, பேட்டரி போறதில்லீங்க. ஒரு செல்லுதான் போகும். மிச்ச அஞ்சையும் அது இழுத்துக்கிட்டுப் போகும்” என்று சொல்லி, பையிலிருந்து ஒரு ஹைட்ரோமீட்டரை எடுத்தார். சிலர் பையில் மூக்குப்பொடி வைத்திருப்பார்கள். அவர் அதை வைத்திருக்கிறார்.

ஹைட்ரோமீட்டர் என்பது பெரிய சொட்டு மருந்துக் குழாய் மாதிரி இருக்கும். மேலே ரப்பர் உருண்டை, நடுவில் கண்ணாடிக் குழல், குழலுக்குள் மிதக்க ஒரு சின்ன மிதவை, மிதவையில் சிவப்பு, மஞ்சள், பச்சைப் பட்டைகள். உருண்டையை அமுக்கிச் செல்லுக்குள் விட்டு உறிஞ்சினால் ஆசிட் ஏறும், மிதவை நிற்கும். வெறும் தண்ணீரை 1000 என்று வைத்துக்கொண்டால், முழுசாகச் சார்ஜ் ஏறிய இன்வெர்ட்டர் பேட்டரியில் 1240 வாக்கில் காட்ட வேண்டும். இந்த எண்ணுக்குப் பெயர்தான் கிராவிட்டி. எங்கள் வீட்டில் முதல் மூன்று செல்லும் 1235, 1240, 1235. ஐந்தும் ஆறும் அப்படித்தான். நாலாவது 1160. மிதவை சிவப்பில் போய்ப் படுத்துக்கொண்டது.

நாலாவதுக்கு அப்படி என்ன குறை? அதற்குத்தான் மாமா பந்திக் கணக்கு சொன்னார். 12 வோல்ட் பேட்டரி என்பது ஒரே வரிசையில் உட்கார்ந்த ஆறு செல். ஒரே கரண்ட்தான் ஆறிலும் ஓடுகிறது. ஒரே கரண்டியால் ஆறு இலைக்கும் ஒரே அளவு பரிமாறுகிற பந்தி அது. ஐந்து பேர் நல்ல சாப்பாட்டுக்காரர்கள், விழுந்ததெல்லாம் உள்ளே போகிறது. நாலாவது ஆள் கொஞ்சம் மந்தம். பந்தி விசாரிக்கிறவர் வாசலில் நின்று மொத்த வரிசையைப் பார்த்து, ஆச்சு, எந்திரிக்கலாம் என்று சொல்லிவிடுகிறார். இன்வெர்ட்டர் செய்வதும் அதேதான். அது செல் செல்லாகப் பார்ப்பதில்லை, மொத்தம் 14.4 வோல்ட் வந்ததா என்று மட்டும் பார்க்கும். ஐந்து செல் தலைக்கு 2.45 என்று நின்றால் 12.25, மந்தமான ஆள் 2.15-இல் இருந்தாலும் கூட்டினால் சரியாக 14.4. கணக்கு முடிந்தது. நாலாம் நம்பர் தினமும் அரைவயிற்றோடு எழுந்து போகிறது. அடுத்த மின்தடையில் முதலில் களைத்து விழுவதும் அதுதான்.

இதற்கு மருந்து ஈக்வலைசிங் சார்ஜ். அதாவது, ஐந்து பேருக்கு வயிறு நிறைந்த பிறகும் பரிமாறுவதை நிறுத்தாமல், கரண்டியைச் சின்னதாக்கிக்கொண்டு, நாலாவது ஆள் போதும் என்று சொல்லும் வரை போட்டுக்கொண்டே இருப்பது. கொங்கு நாட்டில் இதை யாருக்கும் சொல்லித்தர வேண்டியதில்லை. நிறைந்த ஐந்துக்கும் மேற்கொண்டு போகிற கரண்ட் என்ன ஆகும்? ஏப்பம்தான். தண்ணீர் பிரிந்து ஹைட்ரஜனும் ஆக்சிஜனுமாகக் குமிழி விட்டு வெளியே வரும். அந்தக் குமிழிகள் அடியில் தங்கிய கெட்டி ஆசிட்டையும் கலக்கிவிடும் என்பது கூடுதல் லாபம்.

கடைக்காரர் போகிற போக்கில் இன்னொரு யோசனை சொன்னார்: “நாலாவதுல கொஞ்சம் ஆசிட் ஊத்துனா கிராவிட்டி ஏறிக்கும்ங்க.” மாமா கோபித்துக்கொண்டார். ஆசிட் எங்கும் போய்விடவில்லை; அது லெட் சல்பேட்டாகப் பிளேட்டில் ஒட்டிக்கொண்டு இருக்கிறது. சார்ஜ் ஏற ஏறத் தானே கரைசலுக்குத் திரும்பி வர வேண்டும். வெளியிலிருந்து ஊற்றினால் மிதவை பச்சைக்கு வரும், பேட்டரி வராது. இந்தக் கணக்கு ஒன்றும் புதிதில்லை. பிரான்ஸில் காஸ்டன் பிளாண்டே 1859-இல் லெட் ஆசிட் பேட்டரியைச் செய்தார். இரண்டு பிளேட்டும் டிஸ்சார்ஜில் லெட் சல்பேட் ஆகிறது என்று கிளாட்ஸ்டனும் டிரைபும் 1882-இல் சொல்லிவிட்டார்கள். பேட்டரிக் கடைகளுக்கு அந்தத் தகவல் இன்னும் போய்ச் சேரவில்லை.

அன்றிலிருந்து எனக்குப் பித்து ஏறியது. கோயமுத்தூர் கணபதிப் பக்கம் ஒரு பட்டறையில் டிரான்ஸ்ஃபார்மர் சுற்றி, முன்னால் வோல்ட் முள்ளும் ஆம்ப்ஸ் முள்ளும் வைத்த ஒரு பெரிய சார்ஜர் வாங்கினேன். இன்வெர்ட்டரை நம்பி இந்த வேலை நடக்காது. ஈக்வலைஸ் செய்யும்போது வோல்ட் 15.5-ஐத் தாண்டி 16 பக்கம் போகும், அதை இன்வெர்ட்டர் தாங்காது. ஆகவே பேட்டரியைக் கழற்றித் தனியாகச் சார்ஜரில் மாட்ட வேண்டும். ஆம்ப்ஸை 5-க்கு இறக்கி விட்டு, மணிக்கு ஒரு தடவை ஆறு செல்லிலும் கிராவிட்டி பார்த்து நோட்டில் எழுத வேண்டும். அடுத்தடுத்து மூன்று மணி நேரம் எழுதிய எண் மாறாமல் இருந்தால் சாப்பாடு முடிந்தது என்று பொருள். நடுவில் ஆசிட் சூடு 50 டிகிரியைத் தாண்டினால் நிறுத்தி ஆறவிட வேண்டும். பால் கணக்கு எழுதக் கொடுத்தால் பாதி மாதத்தில் விட்டுவிடுகிற நான், இந்த நோட்டில் ஒரு மணி நேரம்கூடத் தவறவிட்டதில்லை. பேத்தியின் பிறந்தநாளைக் கேட்டால் யோசிப்பேன். நாலாம் நம்பரின் கிராவிட்டியைத் தூக்கத்தில் கேட்டாலும் சொல்வேன்.

இந்த அறிவின் அடையாளம் என் வேட்டிகளில் இருக்கிறது. ஆசிட் சொட்டு விழும்போது ஒன்றும் தெரியாது. ஒரு சின்ன ஈரம், காய்ந்துவிடும். வேட்டி துவைத்து வந்த பிறகு பார்த்தால் அந்த இடத்தில் பட்டாணி அளவுக்கு ஓட்டை. தண்ணீர் காயக் காய ஆசிட் கெட்டியாகிப் பருத்தி நூலை அரித்துவிடுகிறது. துவைக்கும்போது அரித்த இடம் உதிர்கிறது. பாலியெஸ்டர் என்றால் தாக்குப்பிடிக்கும் என்கிறார்கள். ஆனால் கோயமுத்தூர்க்காரன் பருத்தியை விட்டுப் பாலியெஸ்டருக்குப் போவதா என்ற மானப் பிரச்சினையில் நான் ஓட்டை வேட்டியோடுதான் ஊர்வலம் வருகிறேன். கொடியில் காயும் என் வேட்டியைப் பார்த்துப் பக்கத்து வீட்டம்மா, “ஏனுங்க, எலித் தொல்லைங்களா?” என்று மருந்து கொடுத்தனுப்பினார்.

காரைக்குடிக்கு ஒரு கல்யாணத்துக்குப் போனோம். மற்றவர்கள் செட்டிநாட்டு வீடுகளைப் பார்க்கப் போனார்கள். நான் செக்ரி ஆய்வகத்தின் மதில் சுவரைப் பார்த்துவிட்டு வந்தேன். அழகப்பச் செட்டியார் 300 ஏக்கரும் 15 லட்சம் ரூபாயும் கொடுத்து, 1948-இல் நேரு அடிக்கல் நாட்டி, 1953-இல் திறக்கப்பட்ட மின்வேதியியல் ஆய்வகம். பேட்டரிக்காகப் பாடுபடுகிறவர்கள் உள்ளே இத்தனை பேர் இருக்கிறார்கள் என்ற எண்ணமே எனக்குப் பெரிய ஆறுதல். மதில் சுவருக்கு முன்னால் நின்று போட்டோ எடுக்கச் சொன்னேன். மகள் எடுத்தாள். யாருக்கும் அனுப்பவில்லை.

சரி, நாலாம் நம்பருக்கு ஈக்வலைசிங் செய்யக் கிளம்பிய ஞாயிற்றுக்கிழமைக்கு வருகிறேன். காலையில் பேட்டரியைக் கழற்றிச் சார்ஜரில் போட்டேன். பத்து மணிக்குக் கோபியிலிருந்து சம்பந்தி வீட்டார் ஒறம்பரையாக வந்து இறங்கினார்கள். வருவதாக முன்னாலேயே சொல்லியிருந்தார்களாம், எனக்கும் சொல்லப்பட்டதாம். ஈக்வலைசிங்கைப் பாதியில் நிறுத்துவது பந்தியில் இலையை இழுப்பது போல என்று நான் விளக்கிக்கொண்டிருந்தபோதே, தெரு முனையில் தென்னை மட்டை லைன் மேல் விழுந்து கரண்ட் போனது. ஃபேன் நின்றது. சார்ஜரின் உறுமலும் நின்றது.

கொஞ்சம் நிலைமையை யோசித்துப் பாருங்கள். கரண்ட் போனால் காப்பாற்றத்தான் பேட்டரி. பேட்டரியோ இன்வெர்ட்டரில் இல்லை. அதற்குச் சாப்பாடு போட வேண்டிய கரண்டும் இல்லை. சம்பந்தியம்மா முந்தானையால் விசிறிக்கொண்டு, “இன்வெர்ட்டர் இல்லீங்களா?” என்று மரியாதையாகக் கேட்டார்.

“இருக்குதுங்க” என்றாள் என் மனைவி. “அது சாப்ட்டுட்டு இருக்குதுங்க.”

மாடிப்படிக்கு அடியில் இருட்டு. பேட்டரியைத் திரும்ப மாட்ட வெளிச்சம் வேண்டுமே என்று என் அம்மா நல்லெண்ணத்தோடு மெழுகுவத்தியைப் பொருத்திக்கொண்டு வந்தார். நான் போட்ட சத்தத்தில் சம்பந்தி காபி டம்ளரைக் கீழே வைத்துவிட்டார். காற்றில் 4 சதவீதம் ஹைட்ரஜன் சேர்ந்தாலே பற்றிக்கொள்ளும். மணிக்கணக்காக ஏப்பம் விட்ட பேட்டரிப் பக்கம் மெழுகுவத்தி கொண்டுவந்தால் பந்தி நேராகக் காரியத்துக்கே போய்விடும். வெள்ளிக்கிழமை சாம்பிராணி போடும் நாளில் ஈக்வலைசிங் கூடாது என்று வீட்டில் சட்டம் போட்டது இதற்காகத்தான். ஞாயிற்றுக்கிழமை மெழுகுவத்தியைச் சட்டத்தில் சேர்க்க மறந்திருந்தேன். ஜன்னலையெல்லாம் திறந்துவிட்டு, போன் டார்ச்சை அடித்துக்கொண்டு சம்பந்தியும் கூட வந்தார். தென்னந்தோப்புக்காரர், டிராக்டர் வைத்திருப்பவர். ஹைட்ரோமீட்டரைப் பார்த்ததும் அவர் முகத்தில் ஒரு களை வந்தது. “குடுங்க பாக்கலாம்” என்று வாங்கி, ஒண்ணு முதல் ஆறு வரை அவரே பார்த்தார். அப்புறம் பார்த்தது சரியா என்று இன்னொரு தடவை பார்த்தார். கூடத்தில் பெண்கள் வியர்த்துக் கிடக்க, நாங்கள் இரண்டு பேரும் மாடிப்படிக்கு அடியில் 1210-ஆ 1215-ஆ என்று வாதாடிக்கொண்டிருந்தோம். கரண்ட் வந்ததுகூட எங்களுக்குத் தெரியவில்லை. அவர் ஊருக்குத் திரும்பியபோது பார்டர் வேட்டியில் ஒரு சொட்டு விழுந்திருந்தது. அடுத்த வாரம் சம்பந்தியம்மா போனில் விசாரித்தார்.

நாலாம் நம்பர் கடைசியில் 1225-க்கு வந்து நின்றது. அதற்கு மேல் ஏறவில்லை. “வயசான செல்லுங்க மாப்ளே, இவ்வளவுதான்” என்றார் மாமா. ஆனால் அரை மணி நேரம் நிற்காத பேட்டரி, அடுத்த மாதாந்திரப் பராமரிப்பில் மத்தியானம் வரை இரண்டு ஃபேனை ஓட்டியது. கடைக்காரரிடம் போய்ச் சொன்னேன். அவருக்கு அதில் அவ்வளவு சந்தோஷம் இல்லை.

என் ஆட்சிக்கு இப்போது மகள் ரூபத்தில் ஆபத்து வந்திருக்கிறது. எலெக்ட்ரிக் ஸ்கூட்டர் வாங்கியிருக்கிறாள். நம் கோவையில் 2008-லேயே ஆம்பியர் என்று மின்வண்டி செய்யக் கிளம்பிவிட்டார்கள் என்று பெருமையாகத்தான் ஆரம்பித்தேன். அந்தக் காலத்து வண்டிகள் பலவற்றில் சீட்டுக்கு அடியில் 12 வோல்ட் லெட் ஆசிட் பேட்டரிகள் நாலு வரிசையாக இருக்கும். ஒன்று மந்தமானால் நாலும் போச்சு. ஆகவே மாதம் ஒரு தடவை அப்பாவிடம் கொண்டுவா என்றேன். “அப்பா, இது லித்தியம். பிஎம்எஸ் பார்த்துக்கும்” என்றாள்.

பிஎம்எஸ் என்பது ஒரு சின்ன சர்க்யூட் போர்டு. அது வாசலில் நிற்பதில்லை, ஒவ்வொரு இலைக்கும் எதிரில் நிற்கிறது. லித்தியம் செல்லுக்கு ஏப்பம் விடத் தெரியாது. அளவுக்கு மேல் திணித்தால் கெட்டுப்போகும், சூடேறித் தீயும் பிடிக்கலாம். அதனால் இங்கே வைத்தியம் நேர் எதிர். எந்தச் செல் முதலில் நிறைகிறதோ அதன் இலையிலிருந்து கொஞ்சத்தை எடுத்து, ஒரு ரெசிஸ்டர் வழியாகச் சூடாக்கி வீணடித்துவிட்டு, மற்றவை வரும் வரை காத்திருக்கும். விருந்தோம்பலே தெரியாத பந்தி. ஆனால் ஓட்டை வேட்டி இல்லாமல் வேலை நடக்கிறது. எனக்கு மிச்சம் இருக்கிற ஒரே பிடி இதுதான்: பல வண்டிகளில் இந்தச் சமன்படுத்துதல் சார்ஜ் நிறைகிற கடைசிக் கட்டத்தில்தான் நடக்கும்; அதிலும் எல்எஃப்பி என்கிற லித்தியம் வகை செல்லில் நிறையும் வரை வோல்ட் ஏறுவதே தெரியாது. எப்போதும் எண்பதிலேயே பிளக்கைப் பிடுங்கினால் பிஎம்எஸ்ஸுக்கு வேலை செய்ய நேரமே கிடைக்காது. அவ்வப்போது நூறு வரை விட்டு, அப்புறமும் கொஞ்ச நேரம் பிளக்கில் வைக்கச் சொல்கிறேன். வண்டியோடு வந்த புத்தகத்திலும் அதையே போட்டிருக்கிறது என்கிறாள். அப்பா சொன்னதற்காகச் செய்வதாக ஒரு வார்த்தை சொன்னால் என்னவாம்?

அடுத்த தெரு மின்வாரிய நண்பர் ஒருவர் மட்டும் என்னை மதிக்கிறார். துணை மின் நிலையத்தில் 110 வோல்ட்டுக்கு 55 செல் வரிசையாக வைத்திருப்பார்களாம். கரண்ட் போனாலும் பிரேக்கர் வேலை செய்ய வேண்டுமே, அதற்காக. அதில் ஒரு செல்லைப் பைலட் செல் என்று குறித்துக்கொண்டு, தவறாமல் கிராவிட்டி பார்த்துப் புத்தகத்தில் எழுதுவார்களாம். கரண்ட் கொடுக்கிறவர்களே கரண்ட்டை நம்பிப் படுப்பதில்லை. இதை என் மனைவியிடம் சொன்னேன். “அவங்களுக்கு அதுக்குச் சம்பளம் குடுக்கறாங்க” என்றாள்.

ஆகவே வாசகர்களே, உங்கள் பேட்டரி நிற்கவில்லை என்றால் எக்ஸ்சேஞ்சுக்கு அவசரப்படாதீர்கள். முதலில் ஆறு செல்லிலும் கிராவிட்டி பாருங்கள். எல்லாம் சேர்ந்து இறங்கியிருந்தால் நல்ல சார்ஜ் வேண்டும். ஒன்று மட்டும் இறங்கியிருந்தால் ஈக்வலைஸ் செய்து பாருங்கள். அதற்கும் அசையாவிட்டால் கடைக்காரர் சொன்னது சரி. மூடி இல்லாத சீல்டு பேட்டரி, ஜெல் பேட்டரி பக்கம் இந்த வேலையோடு போகாதீர்கள். விட்ட ஏப்பத்துக்கு அவற்றில் தண்ணி ஊற்ற வழியில்லை. டிஸ்டில்டு வாட்டர் மட்டும்தான், பவானித் தண்ணி எவ்வளவு தித்தித்தாலும் குடிக்க வைத்துக்கொள்ளுங்கள். பிளேட் மூழ்கியிருந்தால் போதும், மிச்சத்தைச் சார்ஜ் முடிந்த பிறகு ஊற்றுங்கள். கண்ணுக்குக் கண்ணாடி, ஜன்னலுக்குக் காற்று, நெருப்புக்கு விடுமுறை. சார்ஜர் இல்லாதவர்கள் மேட்டுப்பாளையத்துக்கே வரலாம், என்னிடம் இருக்கிறது. ஆனால் அறுபது கிலோ பக்கம் இருக்கும் அந்தப் பேட்டரியை நீங்கள்தான் தூக்கி வர வேண்டும். வருகிறபோது பழைய வேட்டியும் கட்டிக்கொண்டு வாருங்கள்.